ஓடியவரே எழுதியபோது

ஆசிரியருக்கு வணக்கம்.

லண்டன் மாரத்தான் செய்தி படித்தேன். அதைத் தொடங்கிய கிறிஸ் பிராஷரைப் பற்றி ஒரு வரியாவது போட்டிருக்கலாம்.

1954-ல் இங்கிலாந்து வீரர் ரோஜர் பானிஸ்டர் உலகிலேயே முதன்முறையாக ஒரு மைலை 4 நிமிடத்துக்குள் ஓடியபோது, முதல் இரண்டு சுற்றும் முன்னால் ஓடி வேகம் பிடித்துக் கொடுத்தவர் இவர்தான். இன்னும் வேகமாகப் போகச் சொல்லி பானிஸ்டர் பின்னாலிருந்து கத்தியும் இவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. நல்லவேளை, போட்டிருந்தால் இருவரும் முன்கூட்டியே களைத்திருப்பார்கள். 1956 மெல்போர்ன் ஒலிம்பிக்கில் தடைகளையும் நீர்ப்பள்ளத்தையும் தாண்டி ஓடும் 3,000 மீட்டர் ஸ்டீபிள்சேஸில் பிராஷர் முதலில் வந்தார். நார்வே வீரர் லார்சனுக்கு இடைஞ்சல் செய்ததாகச் சொல்லித் தகுதிநீக்கம் செய்துவிட்டார்கள். லார்சனோ தனக்கு ஆட்சேபமே இல்லை என்றார். மேல்முறையீட்டில் தங்கம் திரும்பியது, ஆனால் பதக்கம் கையில் கிடைத்தது மறுநாள்தான். அதற்குள் பத்திரிகைக்காரர்களோடு உட்கார்ந்து நன்றாகக் குடித்திருந்தாராம்!

அப்புறம் அவரே பத்திரிகைக்காரர் ஆனார். பிரிட்டனின் அப்சர்வர் இதழின் விளையாட்டு ஆசிரியர். 1979-ல் நியூயார்க் மாரத்தான் ஓடிவிட்டு வந்து, லண்டனில் இப்படி ஒன்று நடத்த முடியாதா என்று அதே இதழில் எழுதினார். எழுதியதோடு விடவில்லை. நண்பர் ஜான் டிஸ்லியோடு சேர்ந்து 1981 மார்ச்சில் நடத்தியும் காட்டினார்.

இப்படிப்பட்டவர்களைப் பற்றி ஞாயிறு இணைப்பில் ஒரு தொடர் வந்தால் படிக்க நாங்கள் இருக்கிறோம்.

- ஒரு வாசகர், மதுரை