தமிழில் மாயப்புனைவு எழுதுவோருக்கு: உங்கள் வேட்டைக்காரனின் வயது பற்றி

அன்புள்ள எழுத்தாளர்களுக்கு,

காரைக்குடியிலிருந்து ஒரு வாசகன் எழுதுகிறேன். தமிழில் வரும் அரக்க வேட்டைக் கதைகளை ஆசையோடு படிக்கிறேன். அதனாலேயே இந்த ஆதங்கம். உங்கள் நாயகன் ஏதோ ஒரு கஷாயத்தைக் குடிக்கிறான். அடுத்த அத்தியாயத்தில் அவனுக்கு நூற்றிருபது வயது, பார்வைக்கு நாற்பது. அந்த ஆண்டுகளுக்கு விலை கொடுத்தது யார்?

இத்தகைய நாயகனை உலகறியச் செய்தவர் 'தி விட்சர்' கதைகளை எழுதிய போலந்து எழுத்தாளர் ஆந்த்ரே சப்கோவ்ஸ்கி. 1986இல் வந்த சிறுகதையில் தொடங்கிய அவருடைய உலகில் விலை மறைக்கப்படவில்லை. சிறுவர்களைக் கோட்டைக்குக் கொண்டுவந்து மூலிகைகளையும் நச்சுச் சாறுகளையும் உடலில் ஏற்றுகிறார்கள். பெரும்பாலான பிள்ளைகள் அதிலேயே செத்துப்போகிறார்கள். பிழைத்தவனுக்கு இருளைத் துளைக்கும் கண், நோய் அண்டாத உடல், தாமதமாக வரும் மூப்பு. ஆனால் அவனுக்குப் பிள்ளை பிறக்காது. வேட்டையிலேயே மடிகிறவர்கள் என்பதால், அந்த நீண்ட ஆயுளை முழுதாக வாழ்ந்து தீர்ப்பதும் அரிது.

நம் மரபும் இதை அறியும். மகாபாரதத்தில் வரும் அரசன் யயாதிக்குக் கிடைத்த இளமை, மகன் பூருவிடமிருந்து எடுத்தது. அதியமான் அரிய நெல்லிக்கனியைத் தானே உண்டிருக்கலாம். அதன் பயனைச் சொல்லாமல் ஔவைக்குக் கொடுத்துவிட்டான் என்கிறது புறநானூறு. ஒருவன் எடுத்துக்கொள்கிறான், ஒருவன் விட்டுக்கொடுக்கிறான். உங்கள் கதைகளில் இந்த இரண்டுமே இல்லையே!

எங்கள் ஊர்ப் பக்கம் வந்து பாருங்கள். கொண்டுவிற்க, அதாவது வணிகம் செய்ய, பர்மா போனவர்கள் சில ஆண்டுகள் கழித்துத் திரும்பியபோது, பெற்ற பிள்ளையே அப்பாவை யாரோ என்று பார்த்த குடும்பங்கள் இங்கே உண்டு. எண்பது ஆண்டு கழித்துத் திரும்புகிறவன் கதி என்ன? வளவில், அதாவது வீட்டின் உள்முற்றத்தைச் சுற்றிய பகுதியில், அவன் பெயருக்கு இருந்த அறையில் தம்பியின் கொள்ளுப்பேரன் குடும்பம் நடத்துகிறது. முகப்பில் அவனை வரவேற்று, "யாரைப் பார்க்க வந்தீர்கள்?" என்று கேட்பார்கள். பெரியவர்களை விழுந்து கும்பிட வேண்டிய வீட்டில், யார் யாரைக் கும்பிடுவது? இந்த ஒரு காட்சிக்காக நான் பத்து வாள்சண்டைகளைத் தாராளமாக விட்டுக்கொடுப்பேன்.

பிள்ளை இல்லாத வீடுகளில் இங்கே பிள்ளை கூட்டிக்கொள்வார்கள், அதாவது தத்து எடுப்பார்கள். வீடு விளங்க வேண்டும், பெயர் சொல்ல ஒருவர் வேண்டும் என்ற தவிப்பு அது. சப்கோவ்ஸ்கியின் கெரால்ட், சிரி என்ற சிறுமியை மகளாக ஏற்கும் பகுதியை நான் அப்படித்தான் படித்தேன். அந்த நெடுங்கதையின் உயிரே அதில்தான் இருக்கிறது. நீண்ட ஆயுள் கொண்டவன் தனக்குப் பின்னும் ஒருவர் இருக்க வேண்டும் என்று ஏங்குவது எத்தனை பெரிய விஷயம்! அதைத் தமிழில் எழுத உங்களால் முடியும்.

ஆகவே கேட்கிறேன்: நாயகனுக்கு ஆயுள் கொடுக்கும்போது, அவனோடு அந்தக் கஷாயத்தைக் குடித்துப் பிழைக்காத சிறுவர்களையும் கதைக்குள் கொண்டுவாருங்கள். அவர்களுக்குப் பெயர் வையுங்கள், ஊர் சொல்லுங்கள். அவர்களைத் தேடி வந்த தாய்மார்களுக்குக் கோட்டை வாசலில் என்ன பதில் கிடைத்தது என்பதையும் எழுதுங்கள்.

அன்புடன்,
காரைக்குடி வாசகன்