விமானச் சாகசத்துக்கு உச்சி வேளை வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

2024 அக்டோபர் 6-ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமை சென்னை மெரினாவில் நடந்த விமானப்படையின் வான் சாகச நிகழ்ச்சியைப் பார்க்க, பதினோரு வயதுப் பேரனைக் கூட்டிக்கொண்டு காரைக்குடியிலிருந்து முந்தின நாள் இரவு ரயிலேறினேன். என் ஊர் பள்ளத்தூர். விமானப்படையில் இன்ஜின் மெக்கானிக்காக இருபது ஆண்டுகள் வேலை பார்த்தவன். செட்டிநாட்டில் இரண்டாம் உலகப் போர்க் காலத்து ஓடுதளம் ஒன்று புதர்களுக்கு நடுவே கிடக்கிறதே, சிறுவயதில் அதில்தான் சைக்கிள் பழகினேன். எனக்குள் விமான ஆசை முளைத்த இடம் அது. இப்போது பேரனுக்கும் அதே ஆசை. 2003-க்குப் பிறகு மெரினாவில் இப்போதுதான் நடக்கிறது என்று செய்தி வந்த அன்றே டிக்கெட் எடுக்கச் சொல்லி நச்சரிக்கத் தொடங்கிவிட்டான்.

பார்த்த காட்சிக்குக் குறையே இல்லை. 72 விமானங்கள். ரஃபேல் தலைக்கு மேல் செங்குத்தாக ஏறியபோது நெஞ்சுக்கூடு அதிர்ந்தது. சூலூரைத் தளமாகக் கொண்ட சாரங் அணியின் துருவ் ஹெலிகாப்டர்கள் ஒன்றையொன்று உரசிவிடுமோ என்கிற அளவுக்கு நெருங்கிப் போய்ப் பிரிந்தன. சூரியகிரண் அணியின் ஹாக் விமானங்கள் புகையால் வானத்தில் கோலம் போட்டன. எனக்குக் கண் கலங்கியது டகோட்டாவைப் பார்த்தபோதுதான். 1947 அக்டோபர் 27-ஆம் தேதி நம் வீரர்களை ஸ்ரீநகரில் கொண்டுபோய் இறக்கிய விமான வகை அது. இரண்டு விசிறிகளும் சுழல, அவசரமே இல்லாமல் கடலோரமாகப் போனது. “ஐயா, இது ஏன் இவ்வளவு மெதுவாகப் போகிறது?” என்று கேட்ட பேரனுக்கு அந்தக் கதையைச் சொன்னேன். பக்கத்திலிருந்த பிள்ளைகளும் காது கொடுத்துக் கேட்டார்கள்.

ஆனால் அப்போதே வெயில் எங்களை வாட்டத் தொடங்கிவிட்டது. நிகழ்ச்சி பதினொரு மணிக்கு. இடம் பிடிக்க எட்டு மணிக்கே மணலில் உட்கார்ந்துவிட்டோம். கொண்டுபோன இரண்டு பாட்டில் தண்ணீரும் பத்தரைக்குள் தீர்ந்தன. கூட்டத்தைக் கடந்து போய் வாங்கிவர வழியில்லை. எழுந்தால் இடமும் போய்விடும், பிள்ளையும் தொலைந்துவிடுவான். எங்களுக்கு முன்னால் குடை பிடித்திருந்த ஓர் அம்மாள் பன்னிரண்டு மணிக்குமேல் அப்படியே சாய்ந்தார். நான்கு பேர் தூக்கிக்கொண்டு போனார்கள். அவர் என்ன ஆனார் என்பது இன்றுவரை எனக்குத் தெரியாது. நிகழ்ச்சி முடிந்து லட்சக்கணக்கானோர் ஒரே நேரத்தில் எழுந்தபோது, அரை கிலோமீட்டர் நகர ஒரு மணி நேரத்துக்குமேல் ஆனது. திருவல்லிக்கேணியில் ஒரு வீட்டுக்காரப் பெண்மணி வாசலில் குடத்தை வைத்துக்கொண்டு, வருவோர் போவோருக்கெல்லாம் சொம்பில் மொண்டு கொடுத்தார். அவர் நன்றாக இருக்க வேண்டும். மாலைப் பல்லவன் ரயிலைத் தவறவிட்டு, இரவு பஸ்ஸில் ஊர் திரும்பினோம். அன்று அங்கே வந்த ஐந்து பேர் உயிரிழந்த செய்தியை ஊருக்கு வந்த பிறகுதான் படித்தேன்.

யார் பொறுப்பு என்ற வாதம் அப்போது நடந்தது. அதற்குள் நான் போகவில்லை. உச்சி வேளையில் ஏன் நடத்த வேண்டும் என்பதே என் கேள்வி.

ராஜஸ்தான் பாலைவனத்தில் வேலை பார்த்திருக்கிறேன். நண்பகலில் விமானத்தின் இறக்கை மேல் வெறுங்கையை வைக்க முடியாது. சூடேறிய காற்று அடர்த்தி குறைந்துவிடும். இறக்கைக்குக் கிடைக்கும் தூக்குவிசையும் குறையும், இன்ஜினின் உந்துவிசையும் குறையும். தரையிலிருந்து எழும்பும் வெப்பக் காற்று வேறு விமானத்தைக் குலுக்கும். ஆக, விமானிக்கும் இது நல்ல வேளை இல்லை. அண்ணாந்து பார்ப்பவருக்கோ சூரியன் ஏறக்குறைய தலைக்கு மேலேயே நிற்கிறது.

அதிகாலையில் நடத்தலாமே என்பார்கள். நானும் முதலில் அப்படித்தான் நினைத்தேன். மெரினாவுக்கு அது சரிவராது. கூட்டம் கிழக்கே கடலைப் பார்த்து உட்கார்ந்திருக்கும், சூரியன் நேராகக் கண்ணில் குத்தும். மாலையில் சூரியன் முதுகுக்குப் பின்னால் போய்விடும். வெளிச்சம் விமானத்தின் மேல் விழுந்து, வாலில் உள்ள மூவர்ணம்கூடத் தெளிவாகத் தெரியும். கடற்காற்றும் வீசும். மூன்றரைக்குத் தொடங்கினால் இருட்டுமுன் முடித்துவிடலாம். அக்டோபர் மாலையில் மழை வரும் என்ற அச்சம் நியாயமானது. அதற்கு ஒரு மாற்று நாளை முன்கூட்டியே அறிவித்துவிட வேண்டும். திரும்பும் வழியில் விளக்கும் கூடுதல் ரயிலும் வேண்டும்.

எங்கள் பக்கத்திலிருந்து தைப்பூசத்துக்குப் பழநி போகும் நகரத்தார் பாதயாத்திரையைப் பாருங்கள். குன்றக்குடியிலிருந்து நத்தம், திண்டுக்கல் வழியாக ஆயிரக்கணக்கானோர் காவடியுடன் நடக்கிறார்கள். வயதான ஆச்சிமாரும் நடக்கிறார்கள். விடியுமுன்னே புறப்பட்டு, வெயில் ஏறியதும் நிழலில் இறங்கிவிடுவார்கள். வழியெல்லாம் மோரும் பானகமும் இருக்கும். அடுத்த தங்கல் எங்கே, அங்கே சாப்பாடு யார் பொறுப்பு என்பதெல்லாம் புறப்படுமுன்பே முடிவாகியிருக்கும். இது பல தலைமுறைப் பழக்கம்.

விமானப்படை நாள் நிகழ்ச்சி 2022-இல் சண்டிகருக்கும் 2023-இல் பிரயாக்ராஜுக்கும் போய், 2024-இல் நம்மிடம் வந்தது. இப்படி ஊர் ஊராக வருவதை மனமார வரவேற்கிறேன். தில்லிக்குப் போக முடியாத எங்கள் பிள்ளைகள் வேறெங்கே பார்ப்பார்கள்? மீண்டும் தமிழ்நாட்டுக்கு வரும்போது நேரத்தை மாலைக்கு மாற்றுங்கள். நூறடிக்கு ஒரு தண்ணீர்ப் பந்தல் போடுங்கள். கடற்கரை மணலில் பந்தலைக் கட்டிவிட்டால், மோர் கரைக்கவும் பானை சுமக்கவும் பாதயாத்திரையில் பழகிய எங்கள் ஊர்க்காரர்களை நான் அழைத்து வருகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற விமானப்படை மெக்கானிக்,
பள்ளத்தூர்.