ரீஜினல் மேனேஜர் ஆகிவிட்ட தோழிக்கு

அன்புத் தோழிக்கு,

உன் கடிதம் வந்து ஒரு வாரமாகிறது. நீ ரீஜினல் மேனேஜர் ஆகிவிட்ட செய்தியை வீட்டில் எல்லோருக்கும் சத்தமாக வாசித்துக் காட்டினேன். அப்பார்ட்மென்ட் வாடகைக்கு விடும் லீசிங் மேசையில் மணிக்கூலிக்குச் சேர்ந்தவள் இன்று பாஸ்டனைச் சுற்றிப் பல வளாகங்களைப் பார்த்துக்கொள்கிறாய். நம் இரண்டு பேருக்குமே அந்த மேசையில் உட்கார்ந்த அனுபவம் உண்டு என்பதால் இது எனக்கு எவ்வளவு சந்தோஷம் என்று உனக்கே தெரியும். வாழ்த்துகள்.

இங்கே டாலஸில் எல்லோரும் நலம். அத்தை ஊரிலிருந்து வந்து எங்களோடு இருக்கிறார். முழங்கால் அறுவை சிகிச்சைக்குப் பிறகு வாக்கர் வைத்துத்தான் நடக்கிறார். அதைப் பற்றியும் சொல்ல ஒன்று இருக்கிறது, பிறகு வருகிறேன். முதலில் உன் கேள்விக்கு வருகிறேன்.

பன்முகத்தன்மை, சமத்துவம், எல்லோரையும் சேர்த்துக்கொள்வது என்று வருடா வருடம் நடத்திய பயிற்சியை உன் நிறுவனம் நிறுத்திவிட்டது, இணையதளத்திலிருந்தும் அந்தப் பக்கத்தை எடுத்துவிட்டது, இனி என் ஆட்களிடம் நான் என்ன சொல்வது என்று கேட்டிருந்தாய். உன் நிறுவனம் மட்டுமில்லை. 2025 ஜனவரியில் இப்படிப்பட்ட திட்டங்களுக்கு எதிராக ட்ரம்ப் பிறப்பித்த ஆணைகளுக்குப் பிறகு நிறையப் பேர் அந்தச் சொல்லையே தொடப் பயப்படுகிறார்கள். எனக்கும் வருத்தம்தான். ஆனால் அப்பார்ட்மென்ட் தொழிலில் இந்தச் சங்கதி அந்தப் பக்கத்தில் என்றுமே குடியிருந்ததில்லை என்று நான் உறுதியாக நம்புகிறேன். வீடு கேட்டு வருகிறவரிடம் நாம் என்ன சொல்கிறோம், என்ன காகிதம் நீட்டுகிறோம், எந்தக் கதவைத் திறந்து காட்டுகிறோம் என்பதில்தான் அது இருக்கிறது. அந்த இடம் இன்னும் உன் கையில்தான் இருக்கிறது, சட்டமும் உன் பக்கம் இருக்கிறது.

1968-இல் வந்த நியாயமான வீட்டுவசதிச் சட்டத்தை, நாம் ஃபேர் ஹவுசிங் என்று சொல்வதை, யாரும் ரத்து செய்யவில்லை. மார்ட்டின் லூதர் கிங் சுட்டுக் கொல்லப்பட்டது ஏப்ரல் 4. அதிபர் ஜான்சன் அந்தச் சட்டத்தில் கையெழுத்துப் போட்டது ஏப்ரல் 11. ஒரே வாரம். அதற்கு முன் காங்கிரஸில் அது வருடக்கணக்கில் இழுபட்டுக்கொண்டிருந்தது. செனட்டில் அதற்காக முன்னின்ற எட்வர்ட் புரூக் உங்கள் மாசசூசெட்ஸ்காரர்தான். இரண்டாம் உலகப் போரில் சண்டையிட்டுத் திரும்பிய கறுப்பினத்தவர், விரும்பிய இடத்தில் தன் குடும்பத்துக்கு ஒரு வீடு வாங்க முடியாமல் போனதை அந்த அவையிலேயே எழுந்து சொன்னார். முதலில் இனம், நிறம், மதம், பூர்வீக நாடு. 1974-இல் பாலினம் சேர்ந்தது. 1988-இல் ஊனமுற்றோரும் குழந்தைகள் உள்ள குடும்பங்களும். உன் ஆட்களுக்கு வேறெதுவும் நடத்த முடியாவிட்டாலும் இந்த ஏழு வகைகளையும் சொல்லிக்கொடு. அதை எந்த நிறுவனமும் வேண்டாம் என்று சொல்ல முடியாது.

நான் பயிற்சி நடத்தும்போது ஸ்டைவசன்ட் டவுன் கதையையும் விடாமல் சொல்வேன். மன்ஹாட்டனில் மெட்ரோபாலிட்டன் லைஃப் இன்சூரன்ஸ் கம்பெனி கட்டிய பெரிய வளாகம், எட்டாயிரத்து எழுநூறுக்கும் மேற்பட்ட வீடுகள். நகரம் நிலத்தைக் கையகப்படுத்திக் கொடுத்தது, வரிச்சலுகையும் கொடுத்தது. 1947-இல் குடியேற்றம் தொடங்கியபோது போர்வீரர்களுக்கு முன்னுரிமை என்றார்கள், ஆனால் கறுப்பினத்தவருக்கு ஒரு வீடும் இல்லை. வழக்குப் போட்டார்கள். 1949-இல் நியூயார்க் மேல் முறையீட்டு நீதிமன்றம் ஒரே ஒரு ஓட்டு வித்தியாசத்தில் கம்பெனிக்குச் சாதகமாகத் தீர்ப்புச் சொன்னது. தனியார் சொத்து, அவர்கள் இஷ்டம் என்று.

நீதிமன்றத்துக்கு வெளியே நடந்ததுதான் எனக்கு முக்கியம். உள்ளே குடியிருந்த வெள்ளையர்களில் ஒரு பகுதியினர் சங்கம் சேர்ந்து, எங்களுக்கு இந்த ஒதுக்கல் வேண்டாம் என்றார்கள். அவர்களில் ஒருவர் லீ லார்ச், கணித ஆசிரியர், அவரும் போரிலிருந்து திரும்பியவர். இதில் இறங்கியதால் சிட்டி காலேஜில் அவருக்கு வேலை போனது. பென்சில்வேனியாவில் வேறு வேலை கிடைத்துக் கிளம்பும்போது தன் வீட்டைக் காலி செய்யாமல் ஒரு கறுப்பினக் குடும்பத்தை அதில் தங்க வைத்தார். அடுத்த வருடமே அங்கும் வேலை போனது. 1951-இல், அரசு உதவி பெற்ற குடியிருப்புகளில் இப்படி ஒதுக்கக் கூடாது என்று நியூயார்க் நகரம் சட்டம் போட்டது. வீட்டு உரிமையாளரோ அதிகாரியோ இல்லை, வாடகைக்கு இருந்த ஒரு மனிதர் தன் வீட்டுச் சாவியைக் கொண்டு செய்த காரியம் இது. லீசிங் வேலைக்குச் சேரும் பிள்ளைகளிடம் இதைச் சொன்னால் பின்வரிசைகூட நிமிர்ந்து உட்காரும். சட்டப் பிரிவு எண்களைச் சொன்னால் அப்படி நடப்பதில்லை.

அடுத்து அவர்களுக்குச் சொல்ல வேண்டியது ஹேவன்ஸ் ரியால்டி வழக்கு. வர்ஜீனியாவில் ரிச்மண்டுக்குப் பக்கத்தில் நடந்தது. வீடு தேடுவதுபோல் ஒரு கறுப்பினப் பெண்ணும் ஒரு வெள்ளைக்கார ஆணும் தனித்தனியாகப் போய் விசாரித்தார்கள். அவளிடம் காலி வீடு இல்லை என்றார்கள், அவனிடம் இருக்கிறது என்றார்கள். அவள் உண்மையில் குடிவர நினைக்காவிட்டாலும் பொய் சொல்லப்பட்டதே அவளுக்கு நேர்ந்த தீங்கு, அதற்காக வழக்குத் தொடரலாம் என்று 1982-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதனால்தான் பாகுபாடு காட்டுகிறோமா என்று பார்க்கும் சோதனையாளர்கள் இன்றும் நம் அலுவலகங்களுக்கு வருகிறார்கள். வருகிறவர்களில் யார் சோதனையாளர் என்று மோப்பம் பிடிக்கக் கற்றுக்கொடுக்கும் மேனேஜர்களை நான் பார்த்திருக்கிறேன். அதைக் கேட்டாலே எனக்கு ரத்தம் கொதிக்கும். காலி வீடுகளின் பட்டியலைத் தினமும் காலையில் தேதி போட்டு அச்சிட்டு, கேட்கிற எல்லோருக்கும் அதே தாளை நீட்டச் சொல். வந்தவர் யாராக இருந்தால் என்ன?

பட்டியலை ஒழுங்காக நீட்டுகிற நல்ல பிள்ளைகள்கூட இன்னொரு இடத்தில் தவறுவார்கள். அன்பினால் தவறுவது அது. "உங்க ஊர்க்காரங்க எல்லாம் பின்னாடி பில்டிங்லதான் இருக்காங்க, உங்களுக்கும் துணையா இருக்கும்" என்று ஒரு இந்தியக் குடும்பத்திடம் சொல்வார்கள். குழந்தையோடு வந்தவரிடம், மூன்றாவது மாடி ஆபத்து, கீழ்த்தளம் பாருங்கள் என்பார்கள். மனசு நல்லதுதான். ஆனால் ஒருவர் எங்கே வசிக்கலாம் என்பதை அவருக்காக நாம் முடிவு செய்துவிட்டோம். சட்டத்தின் கண்ணில் இது ஸ்டீரிங், சட்டமீறல். என் கண்ணில் மரியாதைக் குறைவும்கூட. இருக்கிற எல்லா வீடுகளையும் சொல்லிவிட்டு வாயை மூடிக்கொள்ள வேண்டும். துணை வேண்டுமா, தனிமை வேண்டுமா என்று அவர்களுக்குத் தெரியாதா?

உன் ஊரில் எனக்குப் பொறாமை தருவது ஒன்று உண்டு. செக்‌ஷன் 8 வவுச்சர், அதாவது அரசின் வாடகை உதவிச் சீட்டு, வைத்திருப்பவரை அந்தக் காரணத்துக்காக மறுக்க மாசசூசெட்ஸில் முடியாது. அரசு உதவி பெறுவோருக்கு 1971 முதலே அங்கே பாதுகாப்பு இருக்கிறது. மத்தியச் சட்டத்தில் அது இல்லை. இங்கே டெக்சஸில் ஆஸ்டின் நகரம் 2014-இல் அப்படி ஒரு விதி கொண்டுவந்தது. அடுத்த வருடமே மாநிலச் சட்டசபை, எந்த நகரமும் அப்படி விதி போடக் கூடாது என்று தடுத்துவிட்டது. வவுச்சரோடு வருகிறவர்கள் பலர் குழந்தைகளைத் தனியாக வளர்க்கும் தாய்மார்கள், முதியவர்கள், உடல்நலம் குன்றியவர்கள். தங்கள் வருமானத்தில் சுமார் 30 சதவீதத்தை அவர்கள் கட்ட, மீதியை வீட்டுவசதி முகமை நேரடியாக நமக்கு அனுப்புகிறது. மாதாமாதம் உறுதியாக வரும் பணம். அதை மறுக்கிறவர்கள் சொல்லும் காரணங்களில் பாதி நம்பும்படி இல்லை.

உன் ஊரில் வெளிப்படையாக மறுக்க முடியாது, சரி. ஆனால் சுற்றுவழியில் மறுக்க முடியும். வாடகையைப்போல் மூன்று மடங்கு வருமானம் வேண்டும் என்ற விதியை எடுத்துக்கொள். வாடகை 2,000 டாலர், அதில் அந்தப் பெண்ணின் பங்கு 500 டாலர் என்று வைத்துக்கொள்வோம். முழு வாடகைக்குக் கணக்குப் போட்டால் அவளிடம் மாதம் 6,000 டாலர் வருமானம் கேட்கிறோம். அவ்வளவு சம்பாதிக்கிறவளுக்கு வவுச்சர் எதற்கு? அவள் பங்குக்குக் கணக்குப் போட்டால் 1,500 போதும். ஒரே விதிதான், எந்த எண்ணை மூன்றால் பெருக்குகிறோம் என்பதில் ஒரு குடும்பத்துக்கு வீடு கிடைக்கிறது, இல்லாவிட்டால் போகிறது. பொறுப்பேற்றதும் உன் வளாகங்களின் தேர்வு விதிகளில் இதைத்தான் முதலில் பார்க்க வேண்டும்.

இரண்டாவது, விண்ணப்பதாரருக்கு மென்பொருள் தரும் மதிப்பெண். அப்படி மதிப்பெண் போடும் சேஃப்ரென்ட் நிறுவனத்தின் மேல் உன் மாநிலத்தில்தான் வழக்கு நடந்தது. பல வருடங்கள் வாடகையை ஒழுங்காகக் கட்டியதாக வீட்டுக்காரரின் சான்று வைத்திருந்த ஒரு பெண்ணை அந்த மதிப்பெண்ணைக் காட்டித் திருப்பி அனுப்பினார்கள். பெரும்பகுதி வாடகையை வவுச்சர் கட்டிவிடும் என்பதை அந்தக் கணக்கு பொருட்படுத்தவில்லை, கறுப்பின, ஹிஸ்பானிய விண்ணப்பதாரர்களை அது அதிகம் பாதிக்கிறது என்பது குற்றச்சாட்டு. குற்றத்தை ஒப்புக்கொள்ளாமலே நிறுவனம் சுமார் 23 லட்சம் டாலர் தந்து சமரசம் செய்துகொண்டது, 2024 நவம்பரில் நீதிமன்றம் அதை ஏற்றது. வவுச்சர் வைத்திருப்பவர்களுக்கு அந்த மதிப்பெண்ணை ஐந்து வருடம் தருவதில்லை என்பதும் அதில் ஒரு நிபந்தனை. "கம்ப்யூட்டர் வேண்டாம்னு சொல்லுது" என்று உன் ஆட்கள் சொன்னால், ஏன் என்று கேள். கடன் வரலாறே இல்லாமல் இந்த நாட்டுக்கு வந்து இறங்கியவர்கள்தானே நாம்? வேலை உத்தரவுக் கடிதத்தையும் பழைய வாடகை ரசீதையும் பார்த்து யாரோ ஒருவர் நம்மை நம்பினார். அந்த மாற்றுவழியை விதியாகவே எழுதி வை, எல்லோருக்கும் பொதுவாக. மேனேஜரின் மனசைப் பொறுத்து அது கிடைக்கக் கூடாது.

அத்தை விஷயம். எங்கள் வளாகம் 1991 மார்ச் 13-க்குப் பிறகு முதன்முதலாக ஆட்கள் குடியேறிய கட்டடம். நான்கு அல்லது அதற்கு மேல் வீடுகள் உள்ள அப்படிப்பட்ட கட்டடங்களில், லிஃப்ட் இருந்தால் எல்லா வீடுகளும், இல்லாவிட்டால் தரைத்தள வீடுகளும், சக்கர நாற்காலி நுழையும் அகலத்தில் கதவு, கை எட்டும் உயரத்தில் சுவிட்ச், பிடிமானக் கம்பி தாங்கும்படி பலப்படுத்திய குளியலறைச் சுவர் என்று இருக்க வேண்டும். கம்பி மாட்ட வந்தவர் சுவரைத் தட்டிப் பார்த்து, உள்ளே கட்டை இருக்கிறது, ஒரு மணி நேர வேலை என்றார். வருடக்கணக்காக இந்த விதியைப் பயிற்சியில் சொல்லிக்கொண்டிருந்தேன். அத்தை அந்தக் கம்பியைப் பிடித்துக்கொண்டு யார் துணையும் இல்லாமல் குளித்துவிட்டு வந்த நாளில்தான், முகம் தெரியாத யாரோ இதற்காகப் போராடியிருக்கிறார்கள் என்பது எனக்கு உறைத்தது. ஊனமுற்ற ஒருவர் தன் செலவில் இப்படி மாற்றம் செய்துகொள்ள அனுமதி கேட்டால், நியாயமான மாற்றமாக இருக்கும்வரை தனியார் வளாகங்கள் மறுக்க முடியாது. இந்த வேண்டுகோள்கள் அலமாரியில் கிடக்காமல் எத்தனை நாளில் பதில் போகிறது என்று மாதாமாதம் கேள்.

உள்ளே வேலை செய்கிறவர்களையும் மறந்துவிடாதே. என் கண்ணுக்குத் தெரிந்தவரை லீசிங் மேசையில் பெண்கள்தான் அதிகம், மெயின்டனன்ஸில் ஸ்பானிஷ் பேசும் ஆண்கள்தான் அதிகம். ஆனால் மேலே போகப் போக இரண்டு கூட்டமும் குறைந்துகொண்டே வரும். நள்ளிரவில் குழாய் உடைந்தால் ஓடி வருகிற டெக்னீஷியனுக்கு அந்தக் கட்டடம் தலைகீழ்ப் பாடம். அவரை மேனேஜராக்கலாமே என்றால், ஆங்கிலத்தில் மெயில் எழுத வராது என்பார்கள். எழுதக் கற்றுக்கொடுங்களேன்! தேசிய அப்பார்ட்மென்ட் சங்கத்தின் சான்றிதழ் வகுப்புகள் இருக்கின்றன, மெயின்டனன்ஸுக்குத் தனி, மேனேஜருக்குத் தனி. கட்டணத்தை நிறுவனம் கட்டட்டும், படிப்பு வேலை நேரத்திலேயே நடக்கட்டும். இரண்டு குழந்தைகளை வைத்துக்கொண்டு இரவில் படி என்றால் யாரால் முடியும்? அப்புறம், தள்ளுபடி வாடகையில் வளாகத்திலேயே குடியிருக்கும் ஊழியருக்கு வேலை போனால் வீடும் போகிறது. அதனால் மேனேஜருக்கு எதிராக வாய் திறக்கவே அவர்கள் பயப்படுவார்கள். நீ சுற்றிப் பார்க்கப் போகும்போது அவர்களோடு தனியாகப் பேச நேரம் ஒதுக்கு.

ஒப்பந்தத்தின் மொழி பற்றியும் எழுதியிருந்தாய். கலிஃபோர்னியாவில் ஸ்பானிஷ், சீனம், டகாலோக், வியட்நாமியம், கொரியன் ஆகிய மொழிகளில் பேரம் பேசினால், கையெழுத்துக்கு முன் ஒப்பந்தத்தை அந்த மொழியில் தர வேண்டும் என்று சட்டமே இருக்கிறது, மாத வாடகை ஒப்பந்தங்களைத் தவிர. உன் மாநிலத்துக்கு அது பொருந்தாது. ஆனாலும் உன் வளாகங்களில் அதிகம் பேசும் இரண்டு மொழிகளில் முக்கியமான பக்கங்களையாவது மொழிபெயர்த்து வைக்கலாம். எட்டு வயதுப் பிள்ளை அம்மாவுக்கு ஒப்பந்தம் படித்துச் சொல்வதை நீயும் பார்த்திருப்பாய்.

பயிற்சிக்கு வருகிறேன். மேலிடம் சம்மதிக்காது என்று நீ பயப்பட வேண்டியதில்லை. ஏப்ரல் மாதம் ஃபேர் ஹவுசிங் மாதம். அந்தப் பெயரிலேயே வை. பொதுவாகத் தோன்றும் விதி சிலரை மட்டும் அதிகம் பாதிக்கும் மறைமுகப் பாகுபாட்டை இனி பெரிதாகத் தொடர வேண்டாம் என்று 2025 ஏப்ரலில் வெள்ளை மாளிகை அரசு முகமைகளுக்குச் சொல்லிவிட்டதே என்று உங்கள் வக்கீல் இழுத்தால், உன் மாநிலச் சட்டமும் தனிநபர் வழக்குகளும் அப்படியே இருக்கின்றன என்று அவருக்கு நினைவுபடுத்து. அப்படியும் தயங்கினால் என்னிடம் சொல். வீடியோவில் சேர்ந்து ஒரு மணி நேரம் ஸ்டைவசன்ட் டவுன் கதையை நானே சொல்கிறேன், காசு வேண்டாம்.

அதற்குள் உன் வளாகங்களின் தேர்வு விதிகளை ஒரு பிரதி அனுப்பு. வருமானக் கணக்கு, ஒரு அறைக்கு எத்தனை பேர் என்ற வரம்பு, நீச்சல் குளத்தில் குழந்தைகளுக்கான கட்டுப்பாடுகள், இந்த மூன்றையும் நான் படித்து ஓரத்தில் குறித்து அனுப்புகிறேன். அத்தை உன்னை விசாரித்தார். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கூப்பிட்டால் அவரோடும் பேசலாம்.

அன்புடன்,
உன் பழைய லீசிங் ஆபீஸ் தோழி