கால் விரல் தெரிகிற ஆறு: வைகைக் கரைப் பிள்ளைகளுக்காக ஒரு கோரிக்கை மனு

அனுப்புநர்
ஐந்தாம் வகுப்பு ஆசிரியை மற்றும் தெருவாசிகள்,
வைகைக் கரை, ஆரப்பாளையம்,
மதுரை.

பெறுநர்
உயர்திரு மாவட்ட ஆட்சித் தலைவர் அவர்கள்,
மாவட்ட ஆட்சியர் அலுவலகம்,
மதுரை.

பொருள்: எங்கள் பகுதியில் வைகையில் விழும் சாக்கடையைத் தடுக்கவும், ஆகாயத்தாமரையை அகற்றவும், வீட்டுக்கு ஒருவர் வந்து கரையைச் சுத்தம் செய்ய அனுமதி தரவும் வேண்டுதல்.

மதிப்பிற்குரிய ஆட்சியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஆற்றங்கரையை ஒட்டிய ஒரு பள்ளிக்கூடத்தில் நான் ஐந்தாம் வகுப்பு ஆசிரியை. போன மாதம் பிள்ளைகளிடம், "உலகத்தில் எங்குமே இல்லாத ஒரு மாய ஆற்றைப் பற்றிக் கதை எழுதுங்கள், நாடு, ஊர், பெயர் எல்லாம் உங்கள் இஷ்டம்" என்றேன். ஒருவன் பால் ஓடுகிற ஆறு எழுதினான். இன்னொருவனுடைய ஆற்றில் மீன்கள் ராத்திரியில் பறந்துபோய் மேகத்தில் தூங்கிவிட்டு, விடிந்ததும் திரும்பி வரும். ஒரு பெண்பிள்ளை இப்படி எழுதியிருந்தாள்: "அந்த ஆற்றில் ஒரு மந்திரம் இருந்தது. இடுப்பளவு தண்ணீரில் நின்றாலும் கால் விரல் தெரியும். நாற்றமே அடிக்காது." கீழே நீலக் கிரேயானில் அலை அலையாகக் கோடுகள். அதற்குள் பத்து விரல்களையும் நகத்தோடு எண்ணி வரைந்திருந்தாள். அவள் வீட்டிலிருந்து வைகை இரண்டு தெரு தள்ளித்தான் இருக்கிறது. தெளிந்த தண்ணீர் அந்தக் குழந்தைக்கு மந்திரமாகிவிட்டது என்பதை என்னால் தாங்கவே முடியவில்லை.

இவர்களுக்கு ஆறு என்றால் கதை பஞ்சமா, ஐயா? மீனாட்சி கல்யாணத்துச் சாப்பாட்டையெல்லாம் உண்டுவிட்டுத் தாகம் அடங்காமல் தவித்த குண்டோதரனிடம் சிவபெருமான் "வை கை" என்று சொல்ல, பொங்கி வந்த ஆறு இது. சம்பந்தர் விட்ட ஏடு வெள்ளத்தை எதிர்த்து நீந்திக் கரை சேர்ந்த இடம்தான் திருவேடகம். மனுஷர் செய்த அதிசயமும் உண்டு. மேற்கே கடலுக்குப் போய்க்கொண்டிருந்த பெரியாற்றுத் தண்ணீரைத் தேக்கி, மலையைக் குடைந்து, 1895இல் இந்தப் பக்கம் திருப்பிவிட்டார் பென்னிகுயிக். ஆண்டிபட்டி அருகே 71 அடி வரை தண்ணீர் தேக்கும் வைகை அணை 1959இல் வந்தது. வருசநாட்டு மலையில் பிறந்து இராமநாதபுரம் பக்கம் போகிற இந்த ஆறு ஐந்து மாவட்டத்துக்குச் சோறு போடுகிறது.

எங்கள் பேட்டைக்கென்றே ஒரு கதை இருக்கிறது. வைகை கரையை உடைத்துக்கொண்டு வந்தபோது, வீட்டுக்கு ஒருவர் வந்து கரை அடைக்க வேண்டும் என்று பாண்டியன் ஆணையிட்டான். ஆள் இல்லாத பிட்டு விற்கும் கிழவி வந்திக்காக, உதிர்ந்த பிட்டைக் கூலியாக வாங்கிக்கொண்டு சொக்கநாதரே மண் சுமந்தார். பிரம்படியும் பட்டார். இன்றைக்கும் ஆவணி மூலத் திருவிழாவில் சுவாமி எங்கள் ஆரப்பாளையத்துப் புட்டுத்தோப்புக்கு எழுந்தருளித்தான் மண் சுமக்கிறார்.

அந்தக் கரையில் இப்போது நிற்க முடியவில்லை. பள்ளிக்குப் பின்னால் ஒரு பெரிய குழாய் வழியாகச் சாக்கடை கருப்பாக, நுரை தள்ளிக்கொண்டு ஆற்றில் விழுகிறது. அந்தச் சத்தைக் குடித்துக் குடித்து ஆகாயத்தாமரை கரைக்குக் கரை மூடிக் கிடக்கிறது. தூரத்திலிருந்து பார்த்தால் பச்சைப்பசேலென்று விளையாட்டு மைதானம் மாதிரி இருக்கும். பந்து எடுக்கப் போன பையன் ஒருவன் தரை என்று நினைத்துக் கால் வைத்து, முழங்கால் வரை சேற்றில் புதைந்துவிட்டான். சாயங்காலம் ஆனால் கொசு. சித்திரையில் அழகர் இறங்குவதற்காக அணையைத் திறந்துவிடும்போது மட்டும் பிள்ளைகள் ஓடுகிற தண்ணீரைப் பார்க்கிறார்கள்.

இது பற்றி முன்பே ஓர் அலுவலகத்தில் எழுதிக் கொடுத்தோம். ஒருமுறை இயந்திரம் வந்து செடியை வாரிக் கரையிலேயே குவித்துவிட்டுப் போனது. சாக்கடை நிற்கவில்லை, அதனால் சில வாரங்களிலேயே செடி மறுபடி மூடிக்கொண்டது. முதலில் அந்தக் குழாயை அடைத்து, கழிவுநீரைப் பாதாளச் சாக்கடையோடு சேர்த்துச் சுத்திகரிப்பு நிலையத்துக்கு அனுப்ப வேண்டும். அப்புறம்தான் செடியை எடுக்க வேண்டும். எடுத்ததை லாரியில் ஏற்றி அப்பால் கொண்டுபோக வேண்டும். கரையில் விட்டால் அழுகி, அடுத்த மழையில் திரும்ப ஆற்றுக்கே வந்துவிடும். இந்த வரிசை மாறினால் செலவு செய்த பணமெல்லாம் வீண் என்பதைக் கண்ணால் பார்த்தவர்கள் நாங்கள்.

இயந்திரமும் லாரியும் குழாய் வேலையும் எங்களால் ஆகாது. மற்றதை எங்களிடம் விடுங்கள். பிளாஸ்டிக் பொறுக்குவது, படித்துறையில் மண் அள்ளுவது, திரும்ப யாரும் குப்பை கொட்டாமல் பார்த்துக்கொள்வது எல்லாவற்றுக்கும் எங்கள் தெருக்களில் வீட்டுக்கு ஒருவர் வர ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள். ஆள் இல்லாத வயசானவர்கள் வீட்டுக்குப் பக்கத்து வீட்டுப் பையன்கள் வருகிறோம் என்று அவர்களாகவே சொன்னார்கள். காலை வேலைக்கு இட்லிக்கடை அக்கா பிட்டு அவித்துத் தருவதாகச் சொல்லியிருக்கிறார்.

ஆவணி மூலத்துக்கு முன்பாகக் குழாய் வேலையை முடித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமையைக் குறித்துக் கொடுக்குமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம். மண்வெட்டியும் கூடையும் நாங்களே கொண்டுவருகிறோம்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
ஆசிரியை மற்றும் தெருவாசிகள்

இணைப்பு: வீட்டுக்கு ஒருவர் கையெழுத்துப் பட்டியல், மாணவர்களின் கதைத் தாள்கள் (நகல்). நீலக் கிரேயான் படம் மட்டும் அசல். பார்த்துவிட்டுத் திருப்பித் தர வேண்டுகிறேன், அவள் கேட்பாள்.