பதினொன்றாம் வகுப்புப் பெற்றோருக்கு: கற்பனை உலகங்களை விமர்சிப்பது பற்றி

அன்புள்ள பெற்றோருக்கு,

வணக்கம். பதினொன்றாம் வகுப்பின் விமர்சன வாசிப்புக்கு இந்தப் பருவத்தில் அறிவியல் புனைகதையையும் மிகுபுனைவையும் (ஃபேண்டஸி) எடுத்திருக்கிறோம். நூல்பட்டியல் வீட்டுக்கு வந்த மூன்றாம் நாளே எனக்குக் கடிதங்கள் வரத் தொடங்கிவிட்டன. பெரும்பாலானவற்றில் இருந்தவை இரண்டு கேள்விகள். விண்கலமும் டிராகனும் வரும் கதைகளில் விமர்சிக்க அப்படி என்ன இருக்கிறது? சரி, படிக்கட்டும், ஆனால் அதற்குள் சமயத்தையும் பாலினத்தையும் ஏன் இழுக்கிறீர்கள்? ஒரு தந்தை சுற்றி வளைக்காமலே கேட்டிருந்தார்: "இதைப் படித்துவிட்டு என் மகள் சாமி கும்பிடுவதை நிறுத்திவிட மாட்டாளே?"

ஒவ்வொருவருக்கும் தனியாகப் பதில் எழுதத்தான் உட்கார்ந்தேன். நான்காவது பதிலில் முதல் பதிலையே திரும்ப எழுதிக்கொண்டிருப்பது தெரிந்தது. அதனால் எல்லோருக்கும் சேர்த்து இந்த ஒரே கடிதம். கொஞ்சம் நீண்டுவிட்டது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதல் வகுப்பில் ஆசிரியர் கரும்பலகையில் எழுதியது ஒரே வாக்கியம்: "அவளுடைய உலகம் வெடித்துச் சிதறியது." குடும்ப நாவலில் இதைப் படித்தால் அவளுக்கு ஏதோ பெரிய துக்கம் என்று புரிந்துகொள்வோம். அறிவியல் புனைகதையில் வந்தால் அவள் பிறந்த கோளே தூளாகிப் போயிருக்கலாம். அமெரிக்க எழுத்தாளரும் விமர்சகருமான சாமுவேல் டிலேனி காட்டிய எடுத்துக்காட்டு இது. சொற்கள் அதேதான், ஆனால் அவற்றைப் படிக்கும் பழக்கம் வேறு, அந்தப் பழக்கத்தைக் கற்றுக்கொள்ளத்தான் வேண்டும் என்பது அவர் வாதம். டார்கோ சுவின் என்ற விமர்சகர் 1979-ல் வந்த தம் நூலில் இன்னொரு பக்கத்திலிருந்து இதையே தொட்டார். நமக்குப் பழகிப்போன உலகத்தை அந்நியமாக்கிக் காட்டி, அதன் வழியாக நம்மை யோசிக்க வைப்பது அறிவியல் புனைகதை என்றார். மிகுபுனைவுக்கு அந்தத் தகுதி கிடையாது என்றும் சொல்லிவிட்டார். அதை எங்கள் ஆசிரியர்கள் ஒப்புக்கொள்ளவில்லை. நானும்தான்.

இந்தப் பருவம் முழுக்க நாங்கள் கேட்கப்போகும் கேள்வி ஒன்றே ஒன்று. எழுத்தாளர் எதை மாற்றினார், எதை மாற்றாமல் விட்டார்? அன்றாட வாழ்க்கையை எழுதுகிறவருக்கு உலகம் தயாராக இருக்கிறது, கண்ணில் பட்டதை எடுத்துக்கொள்ளலாம். புது உலகம் படைக்கிறவருக்கு அந்த வசதி இல்லை. வானத்தின் நிறம் முதல் யார் யாரை எப்படி அழைக்கிறார்கள் என்பது வரை எல்லாவற்றையும் அவரே தீர்மானிக்கிறார். அப்படியிருந்தும் சில விஷயங்கள் பழையபடியே உள்ளே வந்து உட்கார்ந்துவிடும். அமெரிக்க எழுத்தாளர் ஜோனா ரஸ் 1970-ல் எழுதிய ஒரு கட்டுரையில் இதைக் கேலி செய்தார். ஆயிரம் ஆண்டு கழித்து நடக்கும் கதையில் கப்பல்கள் நட்சத்திரங்களைத் தாண்டிப் பறக்கின்றன. வீட்டுக்குள் எட்டிப் பார்த்தால் அவர் காலத்து அமெரிக்கப் புறநகர்க் குடும்பம், அப்பா வேலைக்குப் போகிறார், அம்மா அடுப்படியில் நிற்கிறார்.

சமயமும் பாலினமும் ஏன் என்று கேட்டவர்களுக்கு இதுதான் என் பதில். இவற்றை வெளியிலிருந்து நாங்கள் கொண்டுவந்து திணிக்கவில்லை. மனிதர்கள் மாற்ற மறந்துபோகிற இடங்கள் என்று பார்த்தால் இந்த இரண்டும்தான் முன்னால் வந்து நிற்கின்றன. மாற்றத் துணிந்தவர்களின் கதைகளிலும் அதிகம் தடுமாற்றம் தெரிகிற இடங்கள் இவையே.

பட்டியலில் மிகச் சிறிய கதை வங்காள எழுத்தாளர் ரொக்கையா சகாவத் ஹுசைன் எழுதிய 'சுல்தானாவின் கனவு'. 1905-ல் சென்னையிலிருந்து வெளிவந்த ஒரு பெண்கள் இதழில் ஆங்கிலத்தில் அச்சானது. கதையில் வரும் நாட்டில் பெண்கள் சூரிய வெப்பத்தைச் சேமித்து வைக்கிறார்கள், மேகத்திலிருந்து நீரை இறக்குகிறார்கள், வானூர்தியில் போகிறார்கள். ஆண்கள் வீட்டுக்குள் அடைபட்டிருக்கிறார்கள். ரொக்கையாவின் கணவர் இதை நின்றபடியே படித்து முடித்துவிட்டு "பயங்கரமான பழிவாங்கல்" என்றாராம். அந்த நாட்டின் சமயம் என்ன என்று கதையில் ஒரு கேள்வி வருகிறது. அன்பும் உண்மையும்தான் என்று பதில் வருகிறது. இதைப் படித்த மாணவி ஒருத்தி வகுப்பில் கேட்டது எனக்கு இன்னும் மறக்கவில்லை: "சார், எல்லாவற்றையும் மாற்றியவர் சுவரை மட்டும் ஏன் இடிக்கவில்லை? உள்ளே இருப்பவர்களைத்தானே மாற்றி வைத்திருக்கிறார்?" அது நையாண்டி, சுவரைத் தலைகீழாக்கிக் காட்டினால்தான் சுவர் இருப்பதே தெரியும் என்று இன்னொரு மாணவன் பதில் சொன்னான். மணி அடித்த பிறகும் விவாதம் ஓயவில்லை. விமர்சனம் என்று நாங்கள் சொல்வது இதைத்தான்.

இதெல்லாம் வெளியூர்ச் சரக்கு என்று நினைப்பவர்கள் மணிமேகலையைப் புரட்டிப் பார்க்கலாம். அவளுக்குத் தெய்வம் மூன்று மந்திரங்கள் தருகிறது. வேற்றுருக் கொள்ள ஒன்று, வானில் செல்ல ஒன்று, பசி தீர்க்க ஒன்று. கையில் அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபி வேறு. இப்படிப்பட்டவள் வஞ்சி நகரில் பல சமயத்தாரிடமும் அவரவர் கொள்கையைக் கேட்டறியப் போகும்போது ஆண் துறவியாக உருமாறித்தான் போகிறாள். சமயக்கணக்கர் தம் திறம் கேட்ட காதை அது. பெண்ணைப் பறக்கவைக்க முடிந்த சாத்தனாரால் அவளைப் பெண்ணாகவே போய் ஒரு கேள்வி கேட்கவைக்க முடியவில்லையா? அல்லது, பெண்ணாகப் போனால் யாரும் பதில் சொல்ல மாட்டார்கள் என்பதைத்தான் அவர் சொல்கிறாரா? நான் இருபது ஆண்டுகள் மணிமேகலை நடத்தியவன். இந்தக் கேள்வியை ஒரு தடவைகூட வகுப்பில் கேட்டதில்லை. மந்திரங்களை மனப்பாடம் செய்யவைத்ததோடு சரி.

இப்போது அதிகம் ஆட்சேபம் வந்த நாவல். உர்சுலா கே. லெ குவின் 1969-ல் எழுதிய 'இருளின் இடது கை'. அந்தக் கோளில் நிரந்தர ஆணும் இல்லை, நிரந்தரப் பெண்ணும் இல்லை. மாதத்தில் சில நாள் மட்டும் ஒருவர் ஆணாகவோ பெண்ணாகவோ ஆகிறார், இந்த மாதம் எது என்பது முன்கூட்டித் தெரியாது. யார் வேண்டுமானாலும் பிள்ளை பெறலாம். "அரசர் கர்ப்பமாக இருந்தார்" என்று அதில் ஒரு வாக்கியம் வரும். இது பிள்ளைகளைக் கெடுக்கும் என்று எழுதியவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அந்த நாவலில் ஆபாசத்துக்கு இடமே இல்லை. பாதிக்கு மேல் அரசியல், பனி, இரண்டு பேரின் நீண்ட நடைப்பயணம். ஆண் என்றோ பெண் என்றோ தெரியாதபோது ஒருவரை நாம் எப்படி மதிப்போம் என்பதுதான் அதன் சோதனை.

விமர்சனம் தொடங்கும் இடமும் அதுவே. ஆணும் அல்லாத பெண்ணும் அல்லாத அந்த மக்களை லெ குவின் ஆங்கிலத்தில் ஆண்பால் சுட்டுப்பெயரால்தான் எழுதினார். படிப்பவர் மனதில் எல்லோரும் ஆண்களாகவே நடமாடினார்கள். விமர்சகர்கள் விடவில்லை. 1976-ல் லெ குவின் ஒரு கட்டுரை எழுதித் தம் தேர்வை நியாயப்படுத்தினார். 1987-ல் அதே கட்டுரைக்குத் திரும்பி வந்தவர், பழைய வரிகளை அழிக்கவில்லை. அவற்றை அப்படியே வைத்துவிட்டு, தாம் எங்கெங்கே தவறினோம் என்று கூடவே குறிப்பு எழுதிச் சேர்த்தார். அறிவியல் புனைகதைக்கான ஹியூகோ, நெபுலா இரண்டு விருதும் வாங்கிய நாவலைப் பற்றி, அதை எழுதியவரே.

தமிழில் எழுதினால் இந்தச் சிக்கலே வராதே, 'அவர்' இருக்கிறதே என்று பிள்ளைகள் உடனே சொன்னார்கள். நல்ல விடைதான். ஆனால் 'அவர்' என்றதும் மரியாதை வந்து ஒட்டிக்கொள்கிறது. கதையில் ஒரு திருடனோ ஐந்து வயதுக் குழந்தையோ வந்தால் என்ன செய்வீர்கள்? அவனா, அவளா? 'அது' என்றால் அஃறிணையாகிவிடும். அடுத்த வகுப்பில் ஆசிரியர் தொல்காப்பியத்தை எடுத்துவந்தார். சொல்லதிகாரம், கிளவியாக்கத்தின் நான்காம் நூற்பா. ஆண்மை திரிந்தவரைக் குறிக்கும் பெயருக்கும் தெய்வத்தைக் குறிக்கும் பெயருக்கும் தனக்கென்று ஈறு (பாலைக் காட்டும் சொல்லிறுதி) இல்லை, இரண்டும் உயர்திணைப் பாலின் ஈறுகளையே கொண்டு முடியும் என்கிறது அது. பாலினமும் தெய்வமும் ஒரே நூற்பாவில்! எந்தப் பெட்டியிலும் அடங்காத இரண்டையும் இலக்கணம் பக்கத்தில் பக்கத்தில் உட்கார வைத்திருக்கிறது. அவற்றை அஃறிணை என்று ஒதுக்கவும் இல்லை, அவற்றுக்கென்று புது ஈறு தரவும் இல்லை. அந்த வகுப்பில் நான் பின்வரிசையில் உட்கார்ந்திருந்தேன், எழுந்து வர மனமில்லை.

எழுதியவர் ஆணா பெண்ணா என்று எழுத்தைப் பார்த்தே சொல்லிவிடலாம் என்பவர்களுக்காக ஒரு சிறு சோதனையும் உண்டு. ஜேம்ஸ் டிப்ட்ரீ ஜூனியர் என்ற பெயரில் வந்த கதைகளில் மறுக்க முடியாத ஆண்மை இருக்கிறது என்று எழுத்தாளர் ராபர்ட் சில்வர்பெர்க் 1975-ல் முன்னுரையே எழுதினார். இரண்டு ஆண்டுக்குள் டிப்ட்ரீ என்பவர் ஆலிஸ் ஷெல்டன் என்ற அறுபது வயதைத் தாண்டிய பெண்மணி என்று தெரிந்துவிட்டது. பெயரை ஒரு ஜாம் பாட்டிலிலிருந்து எடுத்தாராம். பெயரை மறைத்துச் சில பக்கங்கள் தருவோம், பிள்ளைகள் ஊகிப்பார்கள். ஆசிரியர் அறையில் நாங்களும் செய்து பார்த்தோம். என் மதிப்பெண்ணை இங்கே எழுதப்போவதில்லை.

சாமி கும்பிடுவதைப் பற்றிக் கேட்ட தந்தைக்கு வருகிறேன். கதையைப் படிக்கும்போது நம்பாமையைச் சற்று நேரம் மனமுவந்து ஒதுக்கி வைக்கிறோம், அதுதான் கவிதைக்குரிய நம்பிக்கை என்று ஆங்கிலக் கவிஞர் கோல்ரிட்ஜ் 1817-ல் எழுதினார். அவர் பயன்படுத்தியதும் நம்பிக்கை என்ற சொல்லைத்தான். ஆனால் இது புத்தகத்தை மூடும்போது முடிந்துவிடும் நம்பிக்கை. இரண்டுக்கும் வேறுபாடு தெரியாத பதினாறு வயதுப் பிள்ளையை நான் இதுவரை பார்த்ததில்லை.

அதோடு, இந்த இலக்கியத்தைப் படைத்தவர்களில் பலர் ஆழ்ந்த பக்தர்கள். தம்முடைய பெரிய நாவலான 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' அடிப்படையில் சமய நூல், கத்தோலிக்க நூல் என்று டோல்கீன் 1953-ல் ஒரு பாதிரியாருக்குக் கடிதம் எழுதினார். கதைக்குள் போய்ப் பார்த்தால் கோயிலோ பூசையோ கிட்டத்தட்ட இல்லை. நம்பிக்கை இரக்கத்தில் இருக்கிறது, கொல்லாமல் விட்ட ஓர் உயிரால் கடைசியில் எல்லாம் காப்பாற்றப்படுவதில் இருக்கிறது. அவர் நண்பர் சி. எஸ். லூயிஸ் நேர்மாறானவர். தம் நார்னியா கதைகளில், சிங்கம் இறந்து உயிர்த்தெழுவதை யாரும் தவறவிட முடியாதபடி எழுதினார். அதே லூயிஸ் 1956-ல் வந்த கடைசி நார்னியா நூலில் சூசன் என்ற பெண்ணை வெளியே நிறுத்திவிட்டார். அவளுக்கு இப்போது நைலான் காலுறையிலும் உதட்டுச் சாயத்திலும் விருந்து அழைப்பிலும்தான் நாட்டம் என்று காரணம் சொல்லப்படுகிறது. பெண் வளர்ந்ததற்குத் தண்டனையா என்று பலர் கோபப்பட்டார்கள். நார்னியாவை மறந்ததுதான் அவள் குற்றம், வளர்ந்ததல்ல என்று சிலர் வாதாடினார்கள். அவள் திருந்த நேரம் நிறைய இருக்கிறது, தன் வழியில் வந்து சேரலாம் என்று லூயிஸே ஒரு சிறுவனுக்குப் பதில் எழுதியிருக்கிறார். பக்தியுள்ள மாணவர்கள்தான் இந்த விவாதத்தில் கூர்மையாகப் பேசுகிறார்கள். வேத நூலை வரிவரியாகப் படித்துப் பழகியவர்களுக்கு இது புதிய வேலை அல்ல.

சமயத்தைக் கேலி செய்கிறது என்று இரண்டு பேர் குறிப்பிட்ட நாவல் வால்டர் மில்லருடைய 'எ கேன்டிகிள் ஃபார் லீபோவிட்ஸ்', 1961-ல் ஹியூகோ பெற்றது. அணுப்போருக்குப் பல நூற்றாண்டு கழித்து, ஒரு பொறியாளரின் மளிகைச் சீட்டைத் துறவிகள் புனிதப் பொருளாகக் காக்கிறார்கள். சிரிப்பு வரும், வரத்தான் வேண்டும். ஆனால் மில்லர் இரண்டாம் உலகப் போரில் மான்டே கசினோ மடத்தின் மேல் குண்டு வீசிய விமானப் படையில் இருந்தவர், பிறகு கத்தோலிக்கராக மாறியவர். இது தெரிந்தபின் அந்தச் சீட்டைத் திரும்பப் படித்துப் பாருங்கள். உலகமே புத்தகங்களை எரித்தபோது எதைக் காக்கிறோம் என்றுகூடத் தெரியாமல் காத்தவர்கள் அவர்கள்.

ஆக்டேவியா பட்லரின் 1993 நாவலான 'பேரபிள் ஆஃப் த சோவர்' நூலையும் வைத்திருக்கிறோம். போதகரின் மகள் ஒருத்தி, மாற்றமே கடவுள் என்று புதுச் சமயம் தொடங்குகிறாள். அதைப் பற்றி நான் இன்னும் ஒரு முடிவுக்கு வரவில்லை. வந்ததும் எழுதுகிறேன்.

நடைமுறை விஷயங்கள். எந்த நம்பிக்கைக்கும் மதிப்பெண் கூடாது, குறையாது. நூலிலிருந்து சான்று காட்டி வாதிடுகிறார்களா என்று மட்டும் பார்ப்போம். ஒரு குறிப்பிட்ட நூல் வேண்டாம் என்று நினைப்பவர்கள் இந்த மாதக் கடைசிக்குள் எழுதித் தந்தால் வேறு நூல் தருவோம், காரணம் கேட்க மாட்டோம். ஆனால் முதலில் அந்த நூலை நீங்கள் படித்துப் பார்க்கும்படி கேட்டுக்கொள்கிறேன். நூலகத்தில் கூடுதல் பிரதிகள் வைத்திருக்கிறோம், பெற்றோர் எடுத்துப் போகலாம்.

அப்புறம், பருவக் கட்டுரை. லெ குவின் செய்ததுபோலவே பிள்ளைகள் இரண்டு தடவை எழுதுவார்கள். முதல் கட்டுரை நீல மையில். ஆறு வாரம் கழித்து, அதே தாளில், ஒரு வரியையும் அடிக்காமல், தாங்கள் எங்கே மாறினோம் என்று பச்சை மையில். பச்சையே இல்லாமல் வரும் தாளையும் ஏற்போம், ஏன் மாறவில்லை என்று ஒரு பத்தி இருந்தால் போதும். தாள்கள் உங்கள் கையெழுத்துக்காக வீட்டுக்கு வரும். ஓரத்தில் உங்களுக்குத் தோன்றுவதையும் எழுதி அனுப்புங்கள். சிவப்பு மை மட்டும் வேண்டாம், அதை ஆசிரியருக்கு விட்டுவிடுங்கள்.

அன்புடன்,
தலைமையாசிரியர்