ஃப்ரீசர்ல கெடக்கு நம்ம தாத்தமாரு பேரு – ஓணத்துக்குள்ள 1,52,750 ரூபா வேணும்

பெரியவங்க, அண்ணன்மாரு, அக்காமாரு, திருப்பூர் கோயம்புத்தூர்னு வெளிய போன நம்ம பிள்ளைங்க எல்லாருக்கும் வணக்கம். கொஞ்சம் முழுசா படிங்க, பாதியில விட்டுட்டு அப்புறம் திருவிழாவுல வந்து எங்களுக்கு யாரும் சொல்லலையேன்னு சண்டைக்கு நிக்காதீங்க.

விஷயம் இதுதான். ஆடி மூணாஞ் செவ்வாய் ராத்திரி அடிச்ச மழையில நம்ம மூணாறு அம்மன் கோயில் கமிட்டி ஆபீசுக்குள்ள தண்ணி பூந்துருச்சு. ஆத்து வெள்ளம் இல்ல. பின்னாடி மேட்டுல கட்டட வேலைக்கு மண்ண வெட்டி ஓடையில தள்ளிட்டாங்க, யாருன்னு இங்க எழுத வேணாம், ஓடை அடைச்சு தண்ணி போக வழியில்லாம நம்ம பின் கதவத் தள்ளிட்டு உள்ள வந்து முழங்கால் அளவு நின்னுருச்சு. காலையில விளக்கேத்த வந்த பூசாரிதான் மொதல்ல பாத்தாரு. அம்மன் சன்னதிக்கு மூணாவது படியோட தண்ணி நின்னுருக்கு, அது அவ கருணை. ஆனா ஆபீஸ் கீழ இருக்கு. பீரோவும் கீழதான் இருந்துச்சு.

அந்த பீரோ கதவு சேறு அடைச்சு தெறக்கவே இல்ல. கடப்பாரை போட்டு நெம்பித்தான் தெறந்தோம். கீழ் தட்டுல இருந்த, கோயில் வரி குடுத்தவங்க பேரெல்லாம் எழுதி வச்ச வரி நோட்டெல்லாம் ஊறி ஒன்னோட ஒன்னு ஒட்டி செங்கல்லு மாதிரி ஆயிருச்சு, ஒன்ன எடுத்துப் பிரிக்கப் போனா தண்ணில விழுந்த அப்பளம் மாதிரி கையோட வருது. பேனா மையில எழுதுன பக்கமெல்லாம் நீலமா ஓடிருச்சு. பென்சில்ல எழுதுனது மட்டும் அப்படியே நிக்குது. பழைய பொருளாளரு ஒருத்தர் கஞ்சத்தனமா பென்சில்லயே எழுதுவாருன்னு எல்லாரும் கேலி பண்ணுவோம், இன்னைக்கு அவரு எழுதுனதுதான் பொழைச்சுக் கெடக்கு.

சில தம்பிங்க கேக்குறாங்க, பழைய வரி நோட்டுதான, தூக்கிப் போட்டுட்டு புதுசு வாங்க வேண்டியதுதானன்னு. தம்பிகளா, அந்த நோட்டு என்னன்னு தெரிஞ்சுட்டுப் பேசுங்க. நம்ம ஆளுங்க திருநெல்வேலி, சங்கரன்கோயில், கயத்தாறு பக்கமிருந்து கங்காணி பின்னாடி போடி வழியா கோட்டகுடி ஏறி நடந்து இந்த மலைக்கு வந்தவங்க. காடு வெட்டி தேயிலை நட்டதும் நாம, குண்டலை ரயிலுக்குத் தண்டவாளம் சொமந்ததும் நாம. இங்க ரயில் ஓடுச்சுன்னா இப்ப சுத்திப் பாக்க வர்றவங்க நம்ப மாட்டேங்குறாங்க. 1908ல இருந்து மூணாறுல தேயிலைய ஏத்தி டாப் ஸ்டேஷன் வரைக்கும் ரயில்ல போயி, அங்கருந்து ரோப்வேயில கோட்டகுடிக்கு எறங்கும். 1924 வெள்ளத்துல அத்தனையும் போச்சு. கொல்ல வருஷம் 1099ங்கறதால நம்ம பெருசுங்க தொண்ணூத்தொம்பது வெள்ளம்னு சொல்வாங்களே, அதுதான். ரயில திரும்பக் கட்டவே இல்ல. ஆனா நம்ம பாட்டனாருங்க அம்மன் கோயிலத் திரும்பக் கட்டுனாங்க. லயத்துக்கு லயம், அதான் தோட்டத்து வீட்டு வரிசைக்கு வரிசை, தலைக்கு இத்தனன்னு வரி போட்டு, குடுத்தவன் பேரு, அப்பன் பேரு, எந்த எஸ்டேட்டு, எந்த டிவிஷன்னு வரி நோட்டுல எழுதி வச்சாங்க. 1956 நவம்பர் 1ல மொழிவாரியா மாநிலம் பிரிச்சப்ப செங்கோட்டையும் கன்னியாகுமரியும் அந்தப் பக்கம் போச்சு, தேவிகுளமும் பீருமேடும் இந்தப் பக்கம் நின்னுச்சு. நாம தமிழ் பேசிக்கிட்டே கேரளாக்காரங்க ஆனோம்.

இப்ப பிள்ளைக்கு எஸ்.சி சர்டிபிகேட் வாங்கப் போனா 1950க்கு முன்னாடியே உங்க குடும்பம் இங்க இருந்துச்சான்னு கேக்குறாங்களா இல்லையா? லயத்துல கெடந்த மனுஷன்கிட்ட பட்டா ஏது, ஆதாரம் ஏது. ஸ்கூல் ரிஜிஸ்டர் கெடைக்கல, கம்பெனியோட ஆள் பேர்ப் பதிவு, செக்ரோல், கெடைக்கலன்னு அலைஞ்சு அலைஞ்சு கடைசியில எத்தன பேரு நம்ம ஆபீஸ்ல வந்து தாத்தா பேரத் தேடி போட்டோ எடுத்துட்டு சர்டிபிகேட்டுக்கு எழுதிப் போடுற அட்சயா சென்டருக்கு ஓடுனீங்க. 1950க்கு முந்தின நோட்டு மூணே மூணுதான் இருக்கு. அந்த மூணும் தண்ணில நின்ன நோட்டு. அதுல பேரு இருந்ததால தைரியமா வில்லேஜ் ஆபீஸ் ஏறுன குடும்பங்கள்ல சில பேரு இதுவரைக்கும் அஞ்சு பைசா குடுக்கலங்கறதையும் மனசு வலிச்சுத்தான் சொல்றோம்.

சரி, நோட்ட என்ன பண்ணோம். மொதல்ல வெயில்ல காய வைக்கலாம்னு ஒரு அண்ணன் சொன்னாரு. ஆடி மாசத்து மூணாறுல வெயிலுக்கு எங்க போக. அதுவும் நல்லதுதான். ஆவணக் காப்பகத்துல வேலை பாத்து ரிட்டயர் ஆன ஒரு சார் போன்ல சொன்னாரு, வெயில்ல வச்சா தாள் சுருண்டு மை வெளுத்துப் போகும், அப்படியே ஈரத்துல விட்டா ரெண்டு நாள்ல பூசணம் புடிச்சுரும், கைக்கு முடியாத அளவு இருந்தா மெழுகு பேப்பர்ல சுத்தி உடனே ஃப்ரீசர்ல போட்டுருங்க, உறைஞ்சு கெடந்தா பூசணம் வளராது, பெறகு கொஞ்சம் கொஞ்சமா எடுத்துக் காய வச்சுக்கலாம்னு. பஜார்ல ஐஸ்கிரீம் கடை வச்சிருக்குற மலையாளி சேட்டன்கிட்ட ஓடுனோம். மனுஷன் ஒரு வார்த்தை கேக்கல, ஒரு ஃப்ரீசர காலி பண்ணிக் குடுத்துட்டாரு. 46 நோட்டும் இப்ப அங்கதான் இருக்கு, மேல "தொடாதீங்க, கோயில் நோட்டு"ன்னு தமிழ்லயும் மலையாளத்துலயும் எழுதி ஒட்டிருக்கு.

ஆனா ஓணம் சீசன் வருது. டூரிஸ்ட் வண்டி வரிசை கட்டி நிக்கிற நேரத்துல அவரு பொழப்பக் கெடுக்க முடியுமா? திருவோணத்துக்கு முன்னாடி ஃப்ரீசரக் குடுத்தாகணும். அவரு கேக்கல, நாமளாத்தான் குடுக்கணும், மரியாதை அதுதான்.

ஒரு தடவைக்கு ஆறு நோட்டுதான் எடுக்க முடியும், பக்கத்துக்குப் பக்கம் மை ஒத்துற தாள் வச்சு, சில மணி நேரத்துக்கு ஒரு தடவ தாள மாத்தி, மூணு நாள் ஆகும். எட்டு தடவ, 24 நாள். ஜன்னலத் தெறந்து வச்சா காயும்னு நெனைக்காதீங்க, இந்த மழையில தெறந்தா வெளிய இருக்குற ஈரமும் சேந்து உள்ள வரும். ரூம அடைச்சு ஈரத்த உறிஞ்சுற மெஷின் போடணும், டீஹியுமிடிஃபையர்ங்கறாங்க. கொச்சியில வாடகைக்கு இருக்கு, ரெண்டு மெஷின், ஒன்னுக்கு ஒரு நாளைக்கு 750, ஆக 24 நாளைக்கு 36,000, முழுசும் முன்பணம்.

மத்த கணக்கையும் கேட்டுக்கோங்க, அப்புறம் கமிட்டிக்காரன் தின்னுட்டான்னு டீக்கடையில பேசக் கூடாது. சேறு அள்ளுன கூலி 14,500. வயரிங் முழுக்க மாத்தி, கரண்ட் கசிஞ்சா தானா நிறுத்துற ஈ.எல்.சி.பி போட 28,500, சுவிட்சுப் பெட்டிக்குள்ள சேறு இருக்கு, எலக்ட்ரீசியன் தம்பி செக் பண்ணி சொல்ற வரைக்கும் மெயின யாரும் போடக் கூடாது. சுவத்துல ஓதம் இடுப்பு வரைக்கும் ஏறிருச்சு, பூச்சக் கொத்தி எடுத்து சுவர் நல்லா காஞ்ச பெறகுதான் திரும்பப் பூசணும், அது 64,000. பின்னாடி ஓடைய எடுத்துக் கட்ட 85,000, அதச் செய்யாம விட்டா அடுத்த ஆடிக்கு இதே மாதிரி எழுதிக்கிட்டு நிப்போம். தரையில இருந்து ரெண்டு அடி ஒசந்த இரும்பு ரேக்கு 18,000. மை ஒத்துற தாளு, மெழுகு பேப்பரு 11,400. காஞ்சதும் 9,000 பக்கத்தையும் ஸ்கேன் பண்ண பக்கத்துக்கு மூணு ரூபா, 27,000. ஆக மொத்தம் 2,84,400.

வந்தது 1,31,650. கொறையுது 1,52,750.

குடுத்தவங்களப் பத்தி சொல்லாம இருக்க முடியாது. பேரு போட வேணாம்னு நெறைய பேரு சொல்லிட்டாங்க. திருப்பூர் பனியன் கம்பெனிப் பிள்ளைங்க சேந்து 22,000 அனுப்புனாங்க, ஓவர்டைம் காசு அது. ஜீப் டிரைவர் தம்பிங்க ஒரு ஞாயித்துக்கெழமை ட்ரிப் காச அப்படியே 11,000 கொண்டாந்து மேசையில வச்சாங்க, எல்லாம் கசங்குன நோட்டு, எண்ணவே அரை மணி நேரம். கொழுந்து எடுத்து எடுத்து வெரல் கறுத்துப் போன ஒரு அத்தை கிராஜுவிட்டி பணத்துல 5,000 குடுத்துட்டு, "எங்க அப்பா பேரு அதுல இருக்கா பாரு தம்பி"ன்னு கேட்டாங்க. இருக்கு அத்தை. பென்சில்ல எழுதிருக்கு. பள்ளிக்கூடத்துப் பிள்ளைங்க உண்டியல ஒடச்சு 1,340 குடுத்தாங்க. சேறு அள்ளுன மூணு நாளும் பள்ளிவாசல் பக்கத்து டீக்கடை பாய் டீயும் பன்னும் அனுப்பிட்டே இருந்தாரு, காசு நீட்டுனா திட்டுறாரு. 2020 ஆகஸ்ட்ல பெட்டிமுடியில 70 பேர மண்ணு மூடுனப்ப ஊரு எப்படி ஒன்னா நின்னுச்சோ அந்த மனசு இன்னும் சாகலன்னு தெரிஞ்சுகிட்டோம். அத்தன பேருக்கும் அம்மன் கொறை வைக்க மாட்டா.

ஆனா வரி நோட்டுப்படி நாம 412 குடும்பம். குடுத்தது 167. மிச்சம் 245 குடும்பமும் ஆளுக்கு 625 போட்டா இன்னைக்கே முடிஞ்சு போச்சு. தோட்டத்துல ரெண்டு நாள் கூலிக்கும் கொறவு. கஷ்டத்துல இருக்குறவங்க 50 குடுத்தாலும் தலை வணங்கி வாங்கிக்குவோம், முடியாதவங்க வந்து ஒரு நாள் தாள் மாத்தி உக்காந்தாலும் காசுதான். கார் வாங்கி ஸ்டேட்டஸ் போடுறவங்களுக்குத்தான் இத எழுதுறது.

உண்டியல் பணத்த எடுக்கலாமேன்னு கேக்காதீங்க, அது திருவிழாவுக்கு அவளோட காசு, அதத் தொட மாட்டோம்னு கமிட்டி முடிவு பண்ணியாச்சு.

மெஷின் அட்வான்ஸ் வெள்ளிக்கெழமை கட்டணும். ஞாயித்துக்கெழமை காலையில எட்டு மணிக்கு கழுவுற வேலை, கம்பூட்டும் கையுறையும் இருக்குறவங்க போட்டுட்டு வாங்க. சேத்துல எலிப்பனி, அதான் எலிக்காய்ச்சல், பயம் இருக்கு, அதனால ஹெல்த் சென்டர்ல கேட்டு டாக்சிசைக்ளின் மாத்திரை போட்டுட்டு வாங்க, கால்ல புண்ணு இருக்குறவங்க தயவு செஞ்சு எறங்க வேணாம். பிளீச்சிங் பவுடரோட பாத்ரூம் ஆசிட்ட யாரும் கலக்காதீங்க, போன தடவ ஒரு தம்பி கலக்கி எல்லாரும் இருமிக்கிட்டே வெளிய ஓடுனோம்.

ஜிபே நம்பர் குரூப்புல பின் பண்ணிருக்கு, கையில குடுக்குறவங்க பொருளாளர்கிட்ட மட்டும் குடுத்து கண்டிப்பா ரசீது வாங்கிக்கோங்க. ரசீது புக்கு நனையல, அவரு வீட்டுல அலமாரி மேல இருந்துச்சு.

இப்படிக்கு,
கோயில் கமிட்டி, மூணாறு