நெடுந்தூர ஓட்டமும் பாடசாலைக்குப் பிந்திய ஆண்டுகளும்

ஆசிரியர் அவர்களுக்கு,

தங்கள் ஞாயிறு இதழின் விளையாட்டுப் பக்கத்தில் நெடுந்தூர ஓட்டவீரர் எமில் சாட்டோபெக் பற்றி வெளியான கட்டுரை, 1952ஆம் ஆண்டு ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் அவர் 5,000 மீற்றர், 10,000 மீற்றர், மரதன் ஆகிய மூன்றிலும் தங்கம் வென்றதைச் சுவைபட விவரித்திருந்தது. ஆனால் அங்கே வந்துசேர அவருக்குப் பிடித்த பத்தாண்டுக்கு மேற்பட்ட காலத்தைக் கட்டுரையாளர் இரண்டே வரிகளில் கடந்துவிட்டார். இலங்கையின் வடக்கே வன்னியில் நீண்டகாலம் உடற்கல்வி கற்பித்தவன் என்ற முறையில், எங்கள் பிள்ளைகளுக்குப் பயன்படக்கூடியது அந்த முற்பகுதியே என்று கருதுவதால் இதனை எழுதுகிறேன்.

சாட்டோபெக் பாடசாலைக் காலத்தில் இனங்காணப்பட்ட ஓட்டக்காரர் அல்லர். 1922இல் செக்கோஸ்லோவாக்கியாவின் மொராவியாப் பகுதியில் எளிய குடும்பமொன்றில் பிறந்த அவர், இளவயதிலேயே ஸ்லீன் நகரத்துப் பாட்டா சப்பாத்துத் தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்ந்தார். எங்கள் வீட்டு வாசல்களில் கிடக்கும் செருப்புகளின் அதே பாட்டாதான். 1941இல், நாடு ஜெர்மனியின் பிடியில் இருந்த வேளையில், தொழிற்சாலையின் விளையாட்டுப் பயிற்றுநர் அவரையும் வேறு மூவரையும் ஓட்டப் போட்டியொன்றில் ஓடும்படி பணித்தார். தமக்கு உடம்பு இயலாது என்று சொல்லித் தப்பப் பார்த்தவர் வைத்தியரிடம் அனுப்பப்பட்டார். வைத்தியரோ ஒரு குறையும் இல்லை என்று சொல்லிவிட்டார். வேண்டாவெறுப்பாக ஓடியவர் நூறு பேரில் இரண்டாவதாக வந்தார். அப்போது அவருக்கு வயது 18.

அதன் பிறகே அவர் கழகமொன்றில் சேர்ந்து, பின்லாந்து வீரர் பாவோ நூர்மியின் பயிற்சி பற்றி வாசித்தறிந்ததைக் கொண்டு தமக்கென ஒரு முறையை வகுத்துக்கொண்டார். குறுகிய தூரத்தை வேகமாக ஓடி, மெதுவோட்டத்தில் மூச்சைச் சீராக்கி, மறுபடியும் வேகமாக ஓடுவதையே பல தடவை செய்வது அதன் சாரம். 1944இல் 2,000, 3,000, 5,000 மீற்றர் ஓட்டங்களில் தேசிய சாதனைகளை முறியடித்தார். அத்தகையவருக்கும் 1946இல் ஒஸ்லோவில் நடந்த ஐரோப்பியப் போட்டியின் 5,000 மீற்றரில் ஐந்தாம் இடமே கிடைத்தது. 1948 லண்டன் ஒலிம்பிக்கில் 10,000 மீற்றர் தங்கத்தை வென்றபோது வயது 25. முதல் ஓட்டத்திலிருந்து ஏழு ஆண்டுகள் கழிந்திருந்தன. இதில் வியப்பில்லை. இதயம் ஒரு துடிப்பில் வெளியேற்றும் இரத்தத்தின் அளவு கூடுவதும், தசைகளில் இரத்த நுண்குழாய்கள் பெருகுவதும் இடைவிடாத பயிற்சியால் ஆண்டுக்கணக்கில் நிகழ்பவை.

இனி எங்கள் நிலைமையைப் பார்ப்போம். ஆண்டுத் தொடக்கத்தில் இல்ல விளையாட்டுப் போட்டியை ஒட்டி மரதன் ஓட்டம் நடக்கிறது. அதில் முந்தும் பிள்ளை கோட்டம், வலயம், மாகாணம் என்று போய், சிலவேளை தேசிய மட்டத்திலும் ஓடுகிறது. உயர்தரப் பரீட்சை முடிந்ததும் அந்தப் பிள்ளைக்கு ஓடுவதற்குப் போட்டியும் இல்லை, நேரம் பார்த்துக் குறித்துவைக்க ஆளும் இல்லை. சாட்டோபெக் தொடங்கிய வயதில் எங்கள் பிள்ளைகள் நிறுத்திவிடுகிறார்கள். சப்பாத்தில்லாமல் ஓடும் மாணவனைப் பற்றி உருக்கமாக எழுதுவோர் இதை எழுதுவதில்லை. சப்பாத்தை யாராவது வாங்கிக் கொடுத்துவிடுவார்கள். புலம்பெயர்ந்த பழைய மாணவர்கள் அதில் குறை வைப்பதில்லை. பத்தொன்பது வயதுக்குப் பின் ஐந்தாறு ஆண்டுகள் ஒருவரைத் தொடர்ந்து ஓடவைக்கும் ஏற்பாட்டைத்தான் ஒருவரும் வாங்கிக் கொடுக்க முடியாதிருக்கிறது.

தெற்கில் அந்த இடைவெளியை முப்படைகளின் விளையாட்டுக் கழகங்கள் பெருமளவுக்கு நிரப்புகின்றன. எங்கள் பிள்ளைகளில் மிகப் பெரும்பாலானோர் அந்த வழியால் போகப்போவதில்லை. அதற்கான காரணங்களை வன்னி வாசகர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை. எங்கள் கிராமக் கழகங்களோ உதைபந்தாட்டத்திலும் கரப்பந்தாட்டத்திலும் ஊறியவை. தனியே ஓடும் ஒருவருக்கு அங்கே இடமிருப்பதில்லை. ஆனால் கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டங்களின் ஆடைத் தொழிற்சாலைகளில் இதே வயதுடைய பிள்ளைகள், பெரும்பாலும் பெண்கள், நாள்தோறும் பேருந்துகளில் போய்வருகிறார்கள். பாடசாலையில் 1,500 மீற்றர் ஓடிப் பதக்கம் பெற்றவர்களும் அவர்களிடையே இருக்கிறார்கள். பாட்டாத் தொழிற்சாலையின் பயிற்றுநர் செய்ததைப்போல ஒருவர் அவர்களை அழைத்து ஓடச் சொன்னாலே போதும், கட்டாயப்படுத்தக்கூட வேண்டியதில்லை.

இதற்குப் பெரிய செலவு வேண்டும் என்று நான் எண்ணவில்லை. பிரதேச செயலகங்களில் விளையாட்டு உத்தியோகத்தர்கள் இருக்கிறார்கள். பரந்தன் - முல்லைத்தீவு வீதியிலோ, அனுமதி கிடைத்தால் இரணைமடுக் குளக்கட்டிலோ, 19 வயதுக்கு மேற்பட்ட இருபாலாருக்கும் 10 கிலோமீற்றர் ஓட்டமொன்றை மூன்று மாதங்களுக்கு ஒருமுறை நடத்தி, ஓடிய ஒவ்வொருவரின் நேரத்தையும் பதிவேட்டில் எழுதிவைத்தால் தொடக்கத்துக்கு அது போதும். தொழிற்சாலைகள் தம் ஊழியர்களுக்கு அன்று காலை விடுப்புக் கொடுக்க வேண்டும். பரிசுப் பணத்தைவிட அந்தப் பதிவேடு முக்கியமானது. கடைசியாக வந்தவருடைய நேரமும் அதில் இருக்க வேண்டும். வெயில் ஏறுமுன் முடிக்கக்கூடியதாகக் காலை ஐந்தரை மணிக்குத் தொடங்குவது நல்லது.

இங்ஙனம்,
ஓய்வுபெற்ற உடற்கல்வி ஆசிரியர்,
விசுவமடு.